மாட்டுங்காவின் மறைக்கப்பட்ட ஆண்கள்

பஞ்சாபகேசன் எழுந்து படுக்கையைச் சுருட்டி வைத்தான். குழாயில் தண்ணீர் வரும் சத்தம் கேட்டதும் வாளியை அடியில் தள்ளினான். பல் தேய்த்தான். டிகாக்ஷனில் பாலை ஊற்றினான். ரேஷன் சர்க்கரை தீர்ந்திருந்தது, சர்க்கரை போடாமல் குடித்தான். குளித்தான். வேஷ்டியைப் பிழிந்து அறைக்குள் கட்டியிருந்த கொடியில் போட்டான். வெளியே காலரி என்கிற நீள வராந்தாவில் நல்ல வெயில் அடித்துக்கொண்டிருந்தது. அங்கே அவன் எதையும் உலர்த்துவதில்லை. கறுப்புக் கோட்டை மாட்டிக்கொண்டு, கதவைப் பூட்டி, பூட்டை ஒரு தடவை இழுத்துப் பார்த்துவிட்டு மாட்டுங்கா ஸ்டேஷனுக்கு நடந்தான்.

கோட்டு போட்டால் கோர்ட் நாள். போடாவிட்டால் ஆபீஸ் நாள். எதிர்வீட்டு மீனாட்சியம்மாள் அதை வைத்துத்தான் அவனிடம் பேசுவாள்.

“இன்னிக்காவது முடிச்சுடுவாளா, பஞ்சு?”

“சொல்லியிருக்கா, மாமி.”

“போன தடவையும் சொன்னா.”

“ஆமாம்.”

போன வருஷ மழைக்காலத்தில் ஒரு காலை, கிங்ஸ் சர்க்கிளை அடுத்த அந்தக் கட்டடத்தின் மூன்றாம் மாடியிலிருந்து அவன் மனைவி அம்மிணி கீழே விழுந்தாள். மழை கொஞ்சம் விட்டிருந்தது. அவன் வேஷ்டியை உதறிக் காலரியில் போடப் போனவள், இரும்புக் கிராதியில் சாய்ந்தாள். கிராதி அவளோடு சேர்ந்து விழுந்தது.

இரும்புக் கிராதி சும்மா விழாது. கீழே கிடந்த கிராதியின் கால்கள் எல்லாம் ஒரே மட்டத்தில், கத்தரித்த நகம் போல, சுத்தமாக அறுபட்டிருந்ததை எல்லோரும் பார்த்தார்கள். அதற்கு முந்தின வாரம் வீட்டுக்காரருடைய வாடகைக் குமாஸ்தா மேத்தாஜி ஓர் ஆளை ரம்பத்தோடு கூட்டி வந்து, “பெயிண்ட் வேலை” என்று சொன்னதையும் எல்லோரும் பார்த்தார்கள். பெயிண்ட் மட்டும் அடிக்கப்படவில்லை. யுத்தம் முடிந்து பம்பாயில் ஓர் அறைக்கு நூறு பேர் அலைந்துகொண்டிருந்த சமயம். பழைய குடித்தனக்காரர்களைச் சட்டப்படி கிளப்ப முடியாது. கிராதி ஆடுகிற மாடியில் எவன் குடும்பம் நடத்துவான் என்று மேத்தாஜி யோசித்திருப்பார். ஆளைக் கொல்லவேண்டும் என்று நினைத்திருக்க மாட்டார். அவர் எறும்புக்குச் சர்க்கரை போடுகிறவர்.

பஞ்சாபகேசனுக்கு வேண்டியிருந்தது ஒரு வாக்கியம். ‘கிராதியை அறுத்திருந்தார்கள்.’ அதை யாராவது சர்க்கார் காகிதத்தில் எழுதிக் கீழே கையெழுத்துப் போடவேண்டும். அவன் பி.ஏ. படித்தவன். வாக்கியம் சின்னது. ஒரு வாரத்தில் ஆகிவிடும் என்று நினைத்தான்.

போலீசின் முதல் அறிக்கை ஒரு வாரத்தில் ஆகிவிட்டது. இன்ஸ்பெக்டர் தாம்ளே எழுதியிருந்தார்: ‘பெண்கள் துணி உலர்த்துவது வழக்கம். துணி உலர்த்துகிறவர்கள் குனிவது வழக்கம். குனிகிறவர்கள் சில சமயம் விழுவார்கள். சந்தேகத்துக்கு இடமில்லை.’

அறிக்கை கோர்ட்டுக்குப் போயிற்று. சந்தேகமான சாவுகளைப் போலீஸ் ஒழுங்காக விசாரித்ததா என்று விசாரிப்பதற்காகவே ஏற்பட்ட கோர்ட் அது. சாவை அது விசாரிக்காது; அதற்கு அதிகாரம் கிடையாது. கண்டிக்கலாம். கண்டிப்பதில் அங்கிருந்த நீதிபதிக்கு நிகர் கிடையாது என்று பம்பாய்க் கோட்டைப் பக்கமெல்லாம் பேச்சு. அவர் கண்டிக்கிற நாட்களில் சட்டக் கல்லூரிப் பையன்கள் முன்கூட்டியே வந்து பெஞ்சில் கைக்குட்டை போட்டு இடம் பிடிப்பார்கள்.

“இந்த அறிக்கையைப் படித்து நான் கண்ணீர் விட்டேன்,” என்றார் நீதிபதி. பஞ்சாபகேசனுக்கு நெஞ்சு இளகிற்று. “இறந்த பெண்ணுக்காக அல்ல. இங்கிலீஷ் பாஷைக்காக.”

பையன்கள் சிரித்தார்கள். நீதிபதி கையை உயர்த்தி அடக்கினார்.

“இருபது வருஷமாக இந்த நாற்காலியிலிருந்து போலீசைக் கண்டித்து வருகிறேன். அன்றைக்குப் போலீஸ் எப்படி இருந்ததோ இன்றைக்கும் இம்மியளவு மாறாமல் அப்படியே இருக்கிறது. என் கண்டனங்கள் எவ்வளவு அவசியம் என்பதற்கு இதைவிட என்ன அத்தாட்சி வேண்டும்?”

பிறகு பஞ்சாபகேசனைக் கூப்பிட்டார்கள். அவன் இங்கிலீஷில் பேசத் தொடங்கினான். மதராஸி சாட்சிகள் மொழிபெயர்ப்பாளர் மூலமாகத்தான் பேசவேண்டும் என்று விதி இருந்தது. மொழிபெயர்ப்பாளர் எழுந்து அவன் பக்கத்தில் நின்றார்.

“கிராதி அறுக்கப்பட்டிருந்தது,” என்றான் பஞ்சாபகேசன், இங்கிலீஷில்.

“கிராதி அறுக்கப்பட்டிருந்ததாக இவருக்குத் தோன்றுகிறது,” என்றார் மொழிபெயர்ப்பாளர், இங்கிலீஷில்.

“ஆஸ்பத்திரியில் என் மனைவி, கம்பியைப் பிடித்துக்கொண்டேன், அதுவும் கூடவே வந்துவிட்டது என்று சொன்னாள்.”

“மனைவி ஏதோ சொன்னதாக இவருக்குத் தோன்றுகிறது.”

மறுவிசாரணைக்கு உத்தரவாயிற்று. தாம்ளே குனிந்த தலையோடு நின்று எல்லாவற்றையும் வாங்கிக்கொண்டார். வராந்தாவுக்கு வந்ததும் தொப்பியைக் கழற்றி நெற்றியைத் துடைத்துக்கொண்டு, “க்யா டாண்டா!” என்றார், மகாத்மியம் கேட்டு வந்தவர் போல. “என்ன திட்டு! போன மாதம் பைகுல்லா இன்ஸ்பெக்டரை அரைமணிகூடத் திட்டவில்லை. நாளைக்குப் பேப்பரில் என் பேர் வரும், பாருங்கள்.”

வந்தது.

இரண்டாவது அறிக்கை கனமாக இருந்தது. அம்மிணி ஆஸ்பத்திரியில் நினைவோடு இருந்த கொஞ்ச நேரத்தில் ஒரு ஹவல்தார் அவளிடம் வாக்குமூலம் எடுக்கப் போயிருந்தான். வாக்குமூலத்தில் முதல் கேள்வி கணவன் பெயர். அதை நிரப்பாமல் இரண்டாவது கேள்விக்குப் போகக்கூடாது. கணவன் பெயர் என்ன என்று கேட்டான். அவள் உதட்டை இறுக்கிக்கொண்டு சுவர்ப் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். மறுபடி கேட்டான். மறுபடி. டாக்டர் வந்து அவனை வெளியே போகச் சொல்லும்வரை கேட்டுக்கொண்டே இருந்தான். எப்படி விழுந்தாய் என்ற கேள்விக்கு முறை வரவேயில்லை.

‘குற்றமற்ற ஒரு பெண்ணுக்குக் கணவன் பெயரை மறைக்கக் காரணம் இல்லை,’ என்று தாம்ளே எழுதியிருந்தார். ‘ஒன்று, கணவனே குற்றவாளி. அல்லது, உண்மையான கணவன் வேறு யாரோ. இரண்டில் எது என்பது புலன் விசாரணையில் இருக்கிறது.’

“நான்தான் கணவன்,” என்றான் பஞ்சாபகேசன் வராந்தாவில்.

“அது நீங்கள் சொல்கிறீர்கள்,” என்றார் தாம்ளே பொறுமையாக. “அவள் சொல்லவில்லையே.”

கோர்ட்டில் அவன் விளக்கினான். எங்கள் பெண்கள் புருஷன் பெயரை வாயால் சொல்ல மாட்டார்கள். சொன்னால் அவனுடைய ஆயுசுக்கு ஆகாது என்று ஒரு நம்பிக்கை. நீதிபதி நாற்காலியில் முன்னால் சாய்ந்தார். இவ்வளவு காலத்தில் அவர் இந்த வழக்கை ரசித்தது அன்றைக்குத்தான்.

“அதாவது, தன் உயிர் போகிற நேரத்தில் அந்தப் பெண் உங்கள் ஆயுளைக் காப்பாற்றிக்கொண்டிருந்தாள் என்கிறீர்கள்.”

நீதிபதி பேனாவை எடுத்தார்.

“இதற்குச் சாட்சி உண்டா?”

மொழிபெயர்ப்பாளர் அவன் முகத்தைப் பார்த்தார். மொழிபெயர்க்க அதில் ஒன்றும் இல்லை. உட்கார்ந்துவிட்டார்.

“இப்படி ஒரு வழக்கம் உண்டா இல்லையா என்று போலீஸ் விசாரித்திருக்கவேண்டும்,” என்று நீதிபதி கர்ஜித்தார். “விசாரித்தார்களா? இல்லை. ஒரு பேட்டையே கண்ணெதிரே இருக்கிறது. ஒரு கதவைத் தட்டினார்களா? இல்லை. இந்த அலட்சியத்தை என்னென்பது?” என்னென்பது என்று மத்தியானம்வரை சொன்னார்.

போலீஸ் கதவைத் தட்டியது. ஆண்களெல்லாம் லோக்கல் ரயிலேறி ஆபீஸ் போன பிறகு, தாம்ளேயும் கான்ஸ்டபிள்களும் மாட்டுங்காவில் படிப்படியாக ஏறினார்கள். பஞ்சாபகேசன் கணவன் என்பது நிலுவையில் இருந்ததால், ஊர்ஜிதமாகும்வரை உடன் இருக்கும்படி அவனையும் அழைத்துக்கொண்டு போனார்கள். அவன் லீவு போட்டுவிட்டுப் பின்னாலேயே ஏறினான்.

மீனாட்சியம்மாள் ஈரக் கையோடு வந்து கதவைத் திறந்தாள். தாம்ளே ஹிந்தியில் கேட்டார். அவள் பஞ்சாபகேசனைப் பார்த்தாள்.

“என்னவாம்?”

“மாமா பேரைக் கேக்கறார், மாமி.”

“கீழே போர்டுலே எழுதியிருக்கே. படிச்சுக்கச் சொல்லு.”

“போர்டை விசாரிக்க உத்தரவு இல்லை,” என்றார் தாம்ளே. “அவள் வாயால் சொல்லவேண்டும்.”

“நன்னாயிருக்கு! காலங்கார்த்தாலே வந்து நின்னுண்டு சொல்லுன்னா சொல்லிடுவேனா? இதோ,” என்று சுவரில் மாட்டியிருந்த ஏழுமலையான் படத்தைக் காட்டினாள். “இவர் பேருதான். போதுமா?”

கான்ஸ்டபிள் எழுதிக்கொண்டான்: ‘படத்தில் உள்ளவரே கணவர் என்கிறாள். அடையாளம்: கிரீடம், நான்கு கைகள். தற்போதைய இருப்பிடம் மலை.’

அடுத்த வீட்டில் “அம்பிக்கு அப்பா” என்றார்கள். அதற்கடுத்த வீட்டில் “ஆத்துக்காரர்” என்றார்கள். மேல்மாடியில் ஒருத்தி கதவைத் திறக்காமலே, “அவர் வந்தப்புறம் அவரையே கேட்டுக்கோங்கோ” என்றாள். மாட்டுங்காவில் ஒருத்தியும் சொல்லவில்லை.

மூன்றாவது அறிக்கை, ‘ரகசியம்’ என்று முத்திரை குத்தி வந்தது. ‘விசாரிக்கப்பட்ட மதராஸிப் பெண்கள் ஒருவர் விடாமல் ஆண்களை மறைத்து வைத்திருக்கிறார்கள். அம்பியின் அப்பா என்ற புனைபெயரில் மட்டும் பல வீடுகளில் பலர் நடமாடுகிறார்கள். காலையில் எல்லோரும் ஒரே ரயிலில் மறைகிறார்கள். மாலையில் ஒரே ரயிலில் திரும்புகிறார்கள். இது தனி வழக்கு அல்ல. ஒரு பெரிய சதி.’ நாட்டில் அப்போது எங்கே பார்த்தாலும் ஊர்வலமும் தடியடியுமாக இருந்தது. கிங்ஸ் சர்க்கிள் காபி ஹோட்டல்களில் மப்டி போலீஸ் உட்கார்ந்து இட்லி சாப்பிட்டுக்கொண்டே சதியைக் கவனித்தது.

இதற்குள் ஒரு ஞாயிற்றுக்கிழமை மேத்தாஜி ஆள் வைத்துப் புதுக் கிராதி போட்டுவிட்டார். பச்சைப் பெயிண்டும் அடித்தாயிற்று. பழையது எங்கே என்று பஞ்சாபகேசன் கேட்டான்.

“உங்களுக்கு மனசு கஷ்டப்படக்கூடாது என்றுதான் கண்ணிலிருந்து அகற்றினேன்,” என்றார் மேத்தாஜி. உண்மையிலேயே வருத்தமாகத்தான் சொன்னார்.

தாராவியில் பழைய இரும்புக் கடைகளில் தேடிக்கொண்டு போனான். காசிம் என்கிற திருநெல்வேலிக்காரருடைய கடையில், இரண்டு தகரங்களுக்கு நடுவே வாசல் படலாகக் கட்டியிருந்த கிராதியை அவன் தூரத்திலிருந்தே கண்டுகொண்டான். ஒரு மூலையில் அம்மிணி கட்டின சிவப்பு நாடா இன்னும் இருந்தது. கொடிக்கயிறு நழுவாமலிருக்கக் கட்டினது.

காசிம் அவன் சொன்னதையெல்லாம் கேட்டுக்கொண்டார்.

“போலீசு வரலியா சாமி, இதத் தேடி?”

“வரல்லே.”

“இங்கிட்டு வந்தாகளே! எங்க வீட்டுக்கு வந்து எம் பொஞ்சாதி ஆபிதாகிட்ட எம்பேரு என்னன்னு கேட்டிருக்காக. மாட்டுங்காவுல கேட்டாச்சாம், தாராவியிலயும் கேக்கணுமுன்னு கோர்ட்டு ஆர்டராம். அவ ‘கடக்காரரு’ன்னிருக்கா. கடைக்கு லைசென்சு எங்கன்னு என்னயப் பிடிச்சிட்டாக. அன்னைக்கும் இந்தப் படலத் தொறந்துதான் உள்ள வந்தாக, சாமி. தொறந்தாக, மூடிட்டுப் போனாக.”

“இதுலே ஒரு கால் மட்டும் வேணும். கோர்ட்டுலே காட்டணும்.”

“கோர்ட்டுக்கு இரும்பா?” காசிம் சிரித்தார். பிறகு அவன் முகத்தைப் பார்த்துச் சிரிப்பை நிறுத்திக்கொண்டு, சம்மட்டியை எடுத்து, அறுபட்ட முனையோடு ஒரு காலைத் தட்டிக் கழற்றிக் கொடுத்தார். “நல்லாப் பிடிச்சுக்கிடுங்க. முனை கையக் கிழிச்சிரும்.”

பேப்பரில் சுற்றி மடியில் வைத்துக்கொண்டு ரயிலில் போனான். எதிரே இருந்தவர் வாழைப்பூவா என்று கேட்டார்.

கோர்ட்டில் அதைப் பிரித்து வைத்ததும் சத்தம் நின்றது. நீதிபதி கண்ணாடியைக் கழற்றிவிட்டுக் கேட்டார்:

“உங்களை யார் விசாரிக்கச் சொன்னது?”

“யாரும் சொல்லவில்லை. இதோ ரம்பம் பட்ட இடம்...”

“மிஸ்டர் பஞ்சம் கேசன். இந்தக் கோர்ட் போலீசின் விசாரணையை மேற்பார்வை செய்கிறது. போலீஸ் கிராதியை விசாரித்ததா? இல்லை. விசாரிக்காத ஒன்றை எப்படி மேற்பார்வை செய்வது? இல்லாத விசாரணையில் குறை கண்டுபிடிக்க என்னாலேயே முடியாது.” ‘என்னாலேயே’ என்பதைக் கொஞ்சம் அழுத்திச் சொன்னார். பிறகு தாம்ளே பக்கம் திரும்பிக் கிராதியை விசாரிக்காததற்காகச் சாப்பாட்டு வேளைவரை கண்டித்தார். அதில் ஒரு பகுதியைப் பையன்கள் மனப்பாடம் செய்தார்கள்.

இரும்புத் துண்டைப் போலீஸ் பெற்றுக்கொண்டது. தாம்ளேயின் மேஜையில், காற்றாடிக் காற்றில் ஃபைல்கள் பறக்காதபடி கனத்துக்கு அது இருந்ததைப் பஞ்சாபகேசன் பிறகு பல தடவை பார்த்தான்.

கடைசியில் நீதிபதி ஸ்தலத்தை நேரில் பார்ப்பதாக முடிவாயிற்று. அவர் கட்டடத்துக்கு வந்த அன்று மேத்தாஜி படிக்கட்டெல்லாம் கழுவிவிட்டு, மூன்றாம் மாடியில் நாற்காலியும் ரோஜா சர்பத்தும் வைத்திருந்தார். குடித்தனக்காரர்கள் கதவிடுக்கில் நின்றார்கள். நீதிபதி காலரிக்கு வந்து புதுக் கிராதியை இரண்டு கையாலும் பிடித்துக் குலுக்கினார். சாய்ந்து பார்த்தார். ஒரு காலைத் தூக்கி உதைத்தார். அது அசையவில்லை. பச்சைப் பெயிண்ட் மட்டும் கொஞ்சம் கையில் ஒட்டிற்று. மேத்தாஜி துண்டு கொடுத்தார்.

“எழுதிக்கொள்ளுங்கள்,” என்றார் நீதிபதி. “இந்தக் கிராதியிலிருந்து ஒருவரும் விழ முடியாது.”

“இது புதுசு,” என்றான் பஞ்சாபகேசன்.

மொழிபெயர்ப்பாளர் அன்று வரவில்லை. அதனால் அவன் சொன்னது யாருக்கும் கேட்கவில்லை.

“அந்தப் பெண் விழுந்தது உண்மையானால்,” என்று நீதிபதி சர்பத்தை ஒரு வாய் குடித்துவிட்டு முடித்தார், “இங்கிருந்து விழவில்லை. எங்கிருந்து விழுந்தாள் என்பதைப் போலீஸ் இன்றுவரை கண்டுபிடிக்காதது வெட்கக்கேடு.”

வெள்ளைக்காரன் போனான். கோர்ட்டில் ராஜா படத்தைக் கழற்றின இடத்தில் சுவர் கொஞ்சம் வெளுப்பாகத் தெரிந்தது. சுதந்திரத்தை முன்னிட்டு நிலுவையிலிருந்த எல்லா அறிக்கைகளையும் புது முத்திரையோடு மறுபடி டைப் அடித்தார்கள். ஓர் எழுத்தும் மாறவில்லை. நீதிபதி புது ராஜ்யத்தின் பேரில் பழைய குரலிலேயே கண்டித்தார்.

பஞ்சாபகேசன் கோட்டு போட்டுக்கொண்டு போன இன்றைக்குத்தான் தீர்ப்பு.

நின்றுகொண்டு கேட்கவும் இடமில்லாமல் கூட்டம். நீதிபதி வாசிக்க வாசிக்கப் போலீசின் ஒவ்வொரு தவறும் வெளிச்சத்துக்கு வந்தது. ஒரு சாதாரண மனுஷன் இவ்வளவு தவறு செய்ய முடியாது, இதற்குப் பயிற்சி வேண்டும் என்றார். கைதட்டக்கூடாது என்ற விதியையும் மீறி யாரோ தட்டினார்கள். பஞ்சாபகேசன் ஒரே வாக்கியத்துக்காகக் காதைத் தீட்டிக்கொண்டு நின்றான். தீர்ப்பு கடைசிப் பக்கத்துக்கு வந்தது.

“ஆயினும், இந்தச் சாவுக்குக் காரணம் இன்னது என்று நிர்ணயிக்க இயலவில்லை. உண்மையைச் சொல்லக்கூடிய ஒரே நபர், அதிகாரபூர்வமாகக் கேட்கப்பட்டபோது, ஒத்துழைக்க மறுத்துவிட்டார். கோப்பு மூடப்படுகிறது.”

பஞ்சாபகேசன் கையைத் தூக்கினான். பள்ளிக்கூடத்தில் தூக்குகிற மாதிரி தூக்கினான்.

“கிராதியை அறுத்திருந்தார்கள் என்று ஒரு வாக்கியம்...”

“இந்தக் கோர்ட் வாக்கியம் எழுதுவதில்லை,” என்றார் நீதிபதி எழுந்துகொண்டே. “தீர்ப்பு எழுதுகிறது.”

வராந்தாவில் தாம்ளே அவன் கையைப் பிடித்துக் குலுக்கினார். அவருக்குப் பதவி உயர்வு வந்திருந்தது. இவ்வளவு கடுமையான மேற்பார்வையைத் தாங்கின அதிகாரி இலாகாவில் வேறு யாரும் இல்லையாம். அம்மிணியின் மூக்குத்தி ஆஸ்பத்திரியிலிருந்து வந்து போலீசில் இருந்தது. அதைக் கேட்டான்.

“கணவனிடம் கொடுக்கவேண்டும் என்று ஆர்டர்,” என்றார் தாம்ளே சங்கடத்தோடு. “யார் என்றுதான் இன்னும் தீர்மானமாகவில்லையே, பாயி. கோப்பையும் மூடிவிட்டார்கள்.”

ரயிலேறி மாட்டுங்காவில் இறங்கினான். மாடி ஏறினான். மீனாட்சியம்மாள் கதவைத் திறந்து அவன் முகத்தைப் பார்த்தாள். மறுபடி மூடிக்கொண்டாள். கோட்டைக் கழற்றி ஆணியில் மாட்டினான். காலையில் போட்ட வேஷ்டி காய்ந்திருந்தது. எடுத்து மடித்தான்.

கம்பி கூடவே வந்துவிட்டது என்று அம்மிணி சொன்னதை அவன் ஒவ்வொரு தடவையும் கோர்ட்டில் சொல்லியிருந்தான். அதற்குப் பிறகும் அவள் ஒன்று சொன்னாள். அதை யாரும் கேட்கவில்லை, அவனும் சொல்லவில்லை. ஹவல்தாரை வெளியே அனுப்பிவிட்டு டாக்டர் அவனை உள்ளே விட்டிருந்தார். அவள் சுவர்ப் பக்கத்திலிருந்து முகத்தைத் திருப்பினாள். பரீட்சையில் தேறின பெண் மாதிரி இருந்தது அந்த முகம். அவன் குனிந்து காதைக் கொடுத்தான்.

“ஏன்னா, அந்தப் போலீஸ்காரன் உங்க பேரைக் கேட்டுண்டே இருந்தான். நான் சொல்லலையே.”